ஏற்காட்டு விடுதிக்கு இரண்டாவது படிக்கட்டு: இரும்பா, காங்கிரீட்டா, மேட்டுக்கு ஒரு பாலமா?

ஏற்காட்டில் தரைத்தளமும் இரண்டு மாடிகளும் கொண்ட வீடொன்றைத் தங்கும் விடுதியாக மாற்றிக்கொண்டிருக்கும் என் மைத்துனர், கட்டடத்தின் பின்புறம் அவசரப் படிக்கட்டு வைப்பதற்காகச் சேலத்து வெல்டிங் பட்டறைகளில் வாங்கிய மூன்று விலைப்பட்டியல்களை என்னிடம் கொண்டுவந்தார். முதலாவது, ரெட் ஆக்ஸைடு அடித்து எனாமல் பூசிய இரும்பு. இரண்டாவது, உருக்கிய துத்தநாகத்தில் முக்கி எடுத்த, பட்டறைக்காரர்கள் ‘ஹாட் டிப்’ என்று சொல்லும் இரும்பு. மூன்றாவதில், துருப்பிடிக்காத எஃகைக் குறிக்கும் ‘எஸ்.எஸ்.’ என்ற இரண்டு எழுத்துகள் மட்டும் இருந்தன; எந்த ரகம் என்ற குறிப்பு இல்லை. “மாமா, இந்த மூணுல எது துருப்புடிக்காதுன்னு மட்டும் சொல்லுங்க” என்றார். பூச்சைப் பற்றி விரிவாக எழுதியிருந்த அந்தப் பட்டறைக்காரர்களில் ஒருவர்கூடப் படியின் அகலத்தை எழுதியிருக்கவில்லை என்பதுதான் எனக்கு முதலில் கண்ணில் பட்டது.

அவசரப் படிக்கட்டு என்பது வருடத்தில் முந்நூற்று அறுபத்து நான்கு நாள் யாரும் ஏறாமல் மழையில் நிற்கும் பொருள். ஏறாததால் அதன் துருவை யாரும் பார்ப்பதில்லை. ஏற வேண்டி வரும் நாளில் வீட்டிலுள்ள அத்தனை பேரும் ஒரே நேரத்தில் அதன்மேல் நிற்கிறார்கள். ஆகவே துருவைப் பற்றிய கேள்வியும் தப்பும் வழியைப் பற்றிய கேள்வியும் இங்கே ஒன்றையொன்று பிரிக்க முடியாதவை. ஆனால் கேட்கும் வரிசை முக்கியம்: ஆட்கள் எப்படி வெளியேறுவார்கள் என்பதை முடிவு செய்த பிறகே எதைக் கொண்டு கட்டுவது, எதைப் பூசுவது என்று பார்க்க வேண்டும்.

வெளியேறும் கணக்கு

2016ஆம் ஆண்டின் தேசியக் கட்டட விதித்தொகுப்பில் தீப்பாதுகாப்புக்கு உரியது நான்காம் பகுதி. வெளிப்புறப் படிக்கட்டுக்கு அது கேட்பவை தெளிவான எண்கள்: அகலம் 1250 மி.மீட்டருக்குக் குறையக் கூடாது. கால் வைக்கும் மிதி 250 மி.மீட்டருக்குக் குறையக் கூடாது. படியின் உயரம் 190 மி.மீட்டரைத் தாண்டக் கூடாது. இடையில் மேடை இல்லாமல் தொடரும் ஒரே ஓட்டத்தில் 15 ஏற்றங்களுக்கு (படி உயரங்களுக்கு) மேல் இருக்கக் கூடாது. கைப்பிடி 1000 முதல் 1200 மி.மீ. உயரத்தில் இருக்க வேண்டும். இந்த எண்களை வைத்து ஒரு எளிய கணக்குப் போட்டாலே பட்டறைகளின் வழக்கமான வடிவம் விழுந்துவிடுகிறது. தளத்துக்குத் தளம் 3 மீட்டர் உயரம் என்றால், அனுமதிக்கப்பட்ட அதிகபட்ச உயரமான 190 மி.மீட்டரில் வைத்தாலும் 16 ஏற்றங்கள் வருகின்றன. ஆகவே மாடியிலிருந்து தரைக்கு நேராக ஒரே ஓட்டமாக இறங்கும் படியை, அதாவது பட்டறைகள் மலிவாகச் செய்து கொடுக்கும் அந்த வடிவத்தை, வைக்க முடியாது. நடுவில் ஒரு லேண்டிங் வேண்டும். 18 ஏற்றங்களை ஒன்பது ஒன்பதாகப் பிரித்தால் ஒவ்வொன்றும் 167 மி.மீ. உயரத்தில் அமைகிறது, ஒரு ஓட்டத்துக்கு எட்டு மிதிகள், அதாவது 2 மீட்டர் நீளம், இரு முனையிலும் 1.25 மீட்டர் லேண்டிங் சேர்த்தால் நாலரை மீட்டர் நீளமும் இரண்டரை மீட்டருக்கு மேல் அகலமும் கொண்ட இடம் தேவை. பின்புறத்தில் அந்த இடம் இருக்கிறதா என்பதை டேப் பிடித்துப் பார்க்காமல் பூச்சைப் பற்றிப் பேசுவது வீண்.

இடம் இல்லை என்றதும் எல்லோரும் சுருள் படிக்குத் தாவுகிறார்கள். அதை விதித்தொகுப்பு முற்றாக மறுக்கவில்லை. ஆட்கள் குறைவாக உள்ள, 9 மீட்டர் உயரத்துக்கு உட்பட்ட கட்டடங்களுக்கு, 1500 மி.மீட்டருக்குக் குறையாத விட்டத்துடன் அனுமதிக்கிறது. ஆனால் இருட்டில், புகையில், தூக்கக் கலக்கத்தில் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு ஒரு தாய் அதில் இறங்குவதை ஒருமுறை மனத்தில் ஓட்டிப் பார்த்தால் விடுதிக்கு அதைப் பரிந்துரைக்க எனக்குக் கை வரவில்லை.

எத்தனை பேர் என்ற கணக்கும் அகலத்தோடு சேர்ந்தது. தங்கும் இடங்களுக்குத் தலைக்கு 12.5 சதுர மீட்டர் தளப்பரப்பு என்று கொள்வது வழக்கம். மைத்துனரின் விடுதியில் ஒரு தளம் 250 சதுர மீட்டர் என்பதால் தளத்துக்கு 20 பேர். படிக்கட்டில் ஆளுக்கு 10 மி.மீ. அகலம் என்ற கணக்கில் 200 மி.மீட்டரே போதும், குறைந்தபட்ச அகலமே இங்கே முடிவு செய்கிறது. சிக்கல் மொட்டை மாடியில் இருந்தது. ஏரியைப் பார்த்தபடி 150 சதுர மீட்டரில் உணவகம் வைப்பதாக அவர் திட்டமிட்டிருந்தார். மேசை நாற்காலி போட்ட உணவருந்தும் இடத்துக்குத் தலைக்கு 2 சதுர மீட்டருக்கும் குறைவாகவே கணக்கிடுவார்கள் என்பதால் அங்கே மட்டும் 75 பேருக்கு மேல் சேர்கிறார்கள். கீழே உள்ள மூன்று தளங்களிலும் தங்குபவர்களின் கூட்டுத் தொகையைவிட அது அதிகம். சமையல் அடுப்பும் அதே உயரத்தில். நான்கு மேசை கூடுதலாகப் போடுவது தீக்கணக்கில் ஒரு கட்டடத்தின் வகையையே மாற்றிவிடும் என்பது விடுதி நடத்துபவர்கள் பலருக்கும் தெரியாத செய்தி.

2004 ஜூலை 16 அன்று கும்பகோணத்துப் பள்ளியில் 94 குழந்தைகள் இறந்தபோது கூரை ஓலையாக இருந்ததைப் பற்றி நாடு முழுக்கப் பேசியது. மாடியிலிருந்து இறங்கக் குறுகிய ஒற்றைப் படிக்கட்டுதான் இருந்தது என்பது அதே அளவுக்குப் பேசப்பட்டிருக்க வேண்டிய செய்தி.

இனி, மூன்று விலைப்பட்டியல்களையும் ஒருசேரக் கேள்விக்கு உள்ளாக்கும் விதி ஒன்று அதே நான்காம் பகுதியில் இருக்கிறது. தீக்காப்பு இல்லாத எஃகுச் சட்டப் படிக்கட்டு தப்பும் வழியாக ஏற்றுக்கொள்ளப்படாது. இரண்டு மணி நேரம் தீத்தாங்கும் அடைப்புக்குள் அமைந்த எஃகுப் படிக்கட்டு ஏற்றுக்கொள்ளப்படும். காரணம் எளிது. சாதாரணக் கட்டுமான எஃகு 550 டிகிரி செல்சியஸை நெருங்கும்போது தன் வலிமையில் ஏறத்தாழப் பாதியை இழக்கிறது. தீச்சோதனைக்கான நிலையான வெப்பக் கோட்டின்படி ஓர் அறையின் தீ அந்த அளவை எட்ட ஐந்து நிமிடங்களே ஆகின்றன. திறந்தவெளியில் நிற்கும் படிக்கு அவ்வளவு சூடு வராது என்று வாதிடலாம். ஆனால் சமையலறை ஜன்னலுக்கு நேர் எதிரே படியை வைத்துவிட்டு அப்படி வாதிட முடியாது; வெளிப்புறப் படியை ஒட்டி ஜன்னலோ வேறு திறப்போ வரக் கூடாது என்பதும் அதே விதித்தொகுப்பின் எச்சரிக்கைதான். துத்தநாகப் பூச்சு இதற்கு எந்த உதவியும் செய்யாது, அது 420 டிகிரியிலேயே உருகிவிடும். விதித்தொகுப்பு தானாகச் சட்டம் ஆகிவிடுவதில்லை என்றாலும், தமிழ்நாடு தீயணைப்பு மற்றும் மீட்புப் பணிகள் துறையிடம் சான்று கேட்டுப் போகும் நாளில் இந்த எண்களைத்தான் மேசைமேல் வைத்துப் பேச வேண்டியிருக்கும்.

மலை ஈரம்

சேலம் கடலிலிருந்து 150 கிலோமீட்டருக்கும் மேல் உள்ளே இருப்பது, உப்புக்காற்று இல்லாதது. ஆகவே கடலூரிலோ தூத்துக்குடியிலோ ஐந்தாண்டில் உரிந்து விழும் இரும்பு இங்கே நீண்ட நாள் நிற்கிறது. சேலத்துப் பட்டறைக்காரர்களின் அனுபவ அறிவு இந்த வறண்ட காற்றில் உருவானது. இருபது கொண்டை ஊசி வளைவுகளைத் தாண்டி, கடல்மட்டத்துக்குச் சுமார் 1500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஏற்காட்டுக்கு அந்த அனுபவத்தை அப்படியே கொண்டுபோகும்போதுதான் பிசகுகிறது. இரும்பு துருப்பிடிக்கக் கொட்டும் மழை தேவையில்லை. காற்றின் ஈரப்பதம் 80 விழுக்காட்டைத் தாண்டியிருக்கும் மணிநேரங்களைக் கூட்டித்தான் ஒரு பரப்பு நனைந்திருக்கும் காலத்தைக் கணக்கிடுகிறார்கள். மூடுபனி இறங்கும் மாதங்களில் ஏற்காட்டில் இரவு முழுவதும் அப்படித்தான் இருக்கும். மேல் பக்கம் வெயிலில் காய்ந்தாலும் மிதித்தகட்டின் அடிப்பக்கம், சில்வர் ஓக் நிழலில், பகல் பத்து மணி வரை வியர்த்துக்கொண்டே இருக்கும்.

காற்றின் அரிக்கும் தன்மையைப் பன்னாட்டுத் தரநிலையான ஐ.எஸ்.ஓ. 9223 ஆறு வகையாகப் பிரிக்கிறது. உப்பும் ஆலைப் புகையும் இல்லாத ஏற்காட்டை நான் சி 3 என்ற நடுத்தர வகையில் வைத்துக் கணக்கிடுகிறேன். அந்த வகையில் பூச்சில்லாத இரும்பு முதல் ஆண்டில் 25 முதல் 50 மைக்ரான் வரை கரைகிறது, துத்தநாகமோ 0.7 முதல் 2.1 மைக்ரான் வரைதான். இந்த ஒரே ஒப்பீட்டில் ஹாட் டிப்பின் பெருமை முழுவதும் அடங்கியிருக்கிறது.

பட்டறை தரும் மூன்று

பெயின்ட் அடித்த இரும்பு விலையில் மலிவானது. எங்கே வேண்டுமானாலும் வெட்டி ஒட்டலாம் என்பதால் பழைய கட்டடத்தின் கோணல்மாணல்களுக்கு எளிதில் பொருந்தும். ஆனால் பெயின்டின் ஆயுள் டப்பாவில் இல்லை, அதற்கு முன் இரும்பைச் சுத்தம் செய்யும் விதத்தில் இருக்கிறது. மணல்வீச்சு முறையில் சாம்பல் நிறம் தெரியும்வரை தேய்த்துவிட்டு, துத்தநாகம் செறிந்த எபாக்சி, அதன்மேல் இடைப்பூச்சு, வெயிலைத் தாங்க பாலியூரித்தேன் என்று மூன்று அடுக்காக அடித்தால் பதினைந்து ஆண்டுக்குக் குறையாமல் நிற்கும் பூச்சைப் பெற முடியும். கம்பித் தூரிகையால் நாலு இழுப்பு இழுத்து, ரெட் ஆக்ஸைடு ஒரு கை, எனாமல் இரண்டு கை என்ற பட்டறைப் பழக்கத்தில் அது நடக்காது. இன்னொரு கட்டுப்பாடும் உண்டு: ஈரப்பதம் 85 விழுக்காட்டுக்கு மேல் இருந்தாலோ, இரும்பின் வெப்பம் பனிபடியும் நிலையைவிட 3 டிகிரியாவது கூடுதலாக இல்லாவிட்டாலோ பெயின்ட் அடிக்கக் கூடாது. ஏற்காட்டில் இந்த நிபந்தனை கோடையின் நடுப்பகலில் நிறைவேறும். அந்தக் கோடையில்தான் விடுதி நிரம்பி வழிகிறது. மறுபூச்சுக்காக மே மாதத்தில் அறைகளை மூடும் உரிமையாளரை நான் இதுவரை பார்த்ததில்லை. நான் முன்பு மேற்பார்த்த ஒரு படிக்கட்டில் மூன்றாவது மழைக்காலத்திலேயே அடித்தகட்டைச் சுற்றித் துரு கிளம்பியதற்கு, அதை அக்டோபர் மாத மாலையில் பூசியதுதான் காரணம். மறுக்காமல் இருந்த பிழை என்னுடையது.

ஹாட் டிப் முறையில் இரும்பை அமிலத்தில் கழுவி, ஏறத்தாழ 450 டிகிரியில் உருகிக் கிடக்கும் துத்தநாகத்தில் முழுமையாக முக்குகிறார்கள். துத்தநாகம் இரும்போடு சேர்ந்து உலோகக் கலவை அடுக்குகளாகப் பிடித்துக்கொள்வதால் அது மேலே ஒட்டியிருக்கும் பூச்சு அல்ல. கீறல் விழுந்தாலும் சுற்றியுள்ள துத்தநாகம் தான் கரைந்து இரும்பைக் காக்கும். இந்தியத் தரநிலை 4759, 5 மி.மீ. அல்லது அதற்கு மேல் தடிமனுள்ள இரும்புக்குச் சதுர மீட்டருக்கு 610 கிராம் துத்தநாகம் கேட்கிறது. அது சுமார் 85 மைக்ரான். ஆண்டுக்கு 2.1 மைக்ரான் என்று மோசமான கணக்கே வைத்தாலும் நாற்பது ஆண்டு. மறுபூச்சு இல்லை, அறையை மூட வேண்டியதில்லை.

ஆனால் இந்தக் கணக்கு கெடுவது பெரும்பாலும் பொருத்தும் இடத்தில்தான். துண்டுகளை மேலே கொண்டுபோய் வெல்டிங் வைத்தால் அந்தந்த இடத்தில் துத்தநாகம் ஆவியாகிப் போகும், அதன் புகை வெல்டருக்குக் காய்ச்சலையும் கொடுக்கும். பிறகு அடிக்கும் வெள்ளிநிற ஸ்பிரே கண்ணுக்குத்தான் மறைப்பு. ஆகவே எல்லா வெல்டிங்கும் துளைகளும் முக்குவதற்கு முன்பே முடிந்திருக்க வேண்டும், மேலே போல்ட் மட்டுமே போட வேண்டும். நீளமான துண்டுகள் கொண்டை ஊசி வளைவில் திரும்பாது என்பதால் சிறு சிறு துண்டுகளாகச் செய்து போல்ட் போடுவது ஏற்காட்டுக்கு எப்படியும் தோதானதே. பெட்டி வடிவக் குழாய்களில் காற்றும் துத்தநாகமும் போய்வர ஓட்டை விடாமல் முக்கினால் உள்ளே அடைபட்ட ஈரம் வெடிக்கும். அந்த ஓட்டைகளை எங்கே வைப்பது என்று வரைபடத்திலேயே காட்டாத பட்டறை அந்த வேலையைச் செய்து பழகாதது என்று தெரிந்துகொள்ளலாம். வந்திறங்கிய துண்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி மூடுபனியில் விட்டால் வெள்ளைத் துரு பூக்கும். அழகுக்காக அதன்மேல் எனாமல் அடித்தால் எனாமலின் எண்ணெய் துத்தநாகத்தோடு சேர்ந்து சோப்பாகி, ஒரு வருடத்தில் பாளம் பாளமாக உரியும்.

எஸ்.எஸ். பற்றிச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். துருப்பிடிக்காத எஃகுத் தகடுகளையும் சுருள்களையும் உருட்டும் உருக்காலை நம் ஊரிலேயே இருப்பதால் சேலத்துக்காரர்களுக்கு அந்த உலோகத்தின் மேல் ஒரு சொந்தம் உண்டு. 304 ரகம் ஏற்காட்டுக்குத் தாராளமாகப் போதும். மாலிப்டினம் கலந்த 316 கடற்கரைக்கு உரியது. ஆனால் ரகம் குறிக்காமல் மலிவாகக் கொடுப்பது பெரும்பாலும் நிக்கல் குறைந்த 202. அது ஈரத்தில் தேநீர்க் கறை போலப் பழுப்பாகும். காந்தம் வைத்துப் பார்த்து 304ஐயும் 202ஐயும் பிரிக்க முடியாது. ஆலைச் சான்று கேட்க வேண்டும். முழுப் படிக்கட்டையும் இதில் செய்வது இந்த அளவு விடுதிக்கு ஆடம்பரம் என்பது என் கருத்து. கதவுப் பூட்டு போன்ற சிறு பொருள்களுக்கு மட்டும் இது பொருத்தம்.

காங்கிரீட்: 45 மி.மீட்டரின் மதிப்பு

மைத்துனர் கேட்காத நான்காவது வழி ஆர்.சி.சி., அதாவது உள்ளே கம்பி வைத்த காங்கிரீட் படிக்கட்டு. தீயைப் பொறுத்தவரை இதற்கு விளக்கம் தேவையில்லை. துருவைப் பொறுத்தவரையில்தான் ஒரு மூடநம்பிக்கை இருக்கிறது: காங்கிரீட்டுக்குள் போன கம்பிக்குத் துருவே இல்லை என்பது. புதுக் காங்கிரீட்டின் காரத்தன்மை கம்பியின்மேல் மெல்லிய காப்புப் படலத்தை வைத்திருப்பது உண்மை. காற்றிலுள்ள கரியமில வாயு ஆண்டுக்காண்டு உள்ளே ஊடுருவி அந்தக் காரத்தைக் குறைத்துக்கொண்டே வருகிறது. அது கம்பியைத் தொட்டதும் துரு தொடங்குகிறது. துரு, கரைந்த இரும்பைவிடப் பல மடங்கு இடம் கேட்பதால் காங்கிரீட் பிளந்து பாளமாக விழுகிறது. ஏற்காட்டின் பழைய பங்களாக்களில் சன்ஷேடுகளின் அடியில் கம்பி பல்லைக் காட்டிக்கொண்டு நிற்பதை யாரும் பார்க்கலாம்.

இந்த ஊடுருவல் காலத்தின் வர்க்கமூலத்தை ஒட்டி நகர்கிறது. அதன் பொருள், கவரிங்கை, அதாவது கம்பியை மூடியிருக்கும் காங்கிரீட்டின் தடிமனை, இரண்டு மடங்காக்கினால் காலம் நான்கு மடங்காகும். காங்கிரீட்டுக்கான இந்தியத் தரநிலையான ஐ.எஸ். 456 விதிநூல், கடும் மழைக்கும் மாறி மாறி நனைந்து காய்வதற்கும் ஆளாகும் காங்கிரீட்டைக் ‘கடுமையான’ சூழல் என்று வகைப்படுத்தி, குறைந்தது எம் 30 என்ற வலிமைத் தரமும், நீர்-சிமெண்ட் விகிதம் 0.45க்கு மிகாமலும், கவரிங் 45 மி.மீட்டரும் கேட்கிறது. மேஸ்திரிகள் பழக்கத்தில் விடுவது எம் 20இல் 20 மி.மீ. கவரிங் மட்டும்தான், அது வீட்டுக்குள் இருக்கும் படிக்கு உரிய அளவு. இருபதுக்கும் நாற்பத்தைந்துக்கும் உள்ள விகிதத்தை வர்க்கப்படுத்தினால் ஐந்து மடங்கு காலம் கிடைக்கிறது; காங்கிரீட்டின் தரம் உயர்வதால் கிடைப்பது தனி. சிறப்பு என்னவென்றால், அதே விதிநூலின்படி இரண்டு மணி நேரத் தீக்கு ஸ்லாப்பில் 35 மி.மீ. கவரிங் போதும். துருவுக்காக விட்ட 45 மி.மீ. தீக்கும் காப்பாகிறது; மேலே பார்த்த மூன்றில் எதற்கும் இந்த இரட்டை வேலை தெரியாது.

இதில் ஒரு பள்ளம் உண்டு, பலர் விழுவது. 150 மி.மீ. தடிமனுள்ள படி ஸ்லாப்பில் கவரிங்கை மட்டும் 20இலிருந்து 45 ஆக்கினால், 12 மி.மீ. கம்பியின் பயனுள்ள ஆழம் (ஸ்லாப்பின் மேல்பரப்பிலிருந்து கம்பியின் நடுவரை உள்ள தூரம்) 124 மி.மீட்டரிலிருந்து 99 ஆகக் குறைகிறது. தாங்கும் திறனில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு போய்விடுகிறது. ஸ்லாப்பின் தடிமனையும் சேர்த்துக் கூட்ட வேண்டும், கம்பியை மறுபடி கணக்கிட வேண்டும். அதோடு, பாண்டு கணக்கில் ஜல்லியும் எம்-சாண்டும் அள்ளிப் போடும் கலவைக்கு எம் 20 வரைதான் விதிநூலில் இடம். எம் 30 என்றால் கலவை வடிவமைப்பும் எடை போட்டுக் கலப்பதும் கட்டாயம். கலக்கும் நீரில் குளோரைடு லிட்டருக்கு 500 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது என்பதால், சேலத்து ஆழ்துளைக் கிணற்று நீரைப் பயன்படுத்துபவர்கள் அதைச் சோதிக்காமல் ஊற்றக் கூடாது. காங்கிரீட்டை ஈரமாக வைத்து இறுகவிடும் க்யூரிங் வேலையை மூடுபனியே செய்துவிடும் என்று சாக்குக் கட்டாமல் விடும் மேஸ்திரிகளுக்கும் மலையில் பஞ்சமில்லை.

கம்பிக்கே பூச்சுப் பூசலாமா என்றும் மைத்துனர் கேட்டார். காரைக்குடியிலுள்ள மத்திய மின்வேதியியல் ஆய்வு நிறுவனம் சிமெண்டும் பாலிமரும் கலந்த கம்பிப் பூச்சு ஒன்றை உருவாக்கியிருக்கிறது. எபாக்சி பூசிய கம்பியும் கிடைக்கிறது. உப்புக்காற்று உள்ள ஊரில் அவற்றுக்கு அர்த்தம் உண்டு. உப்பில்லாத ஏற்காட்டில் அந்தப் பணத்தை, கவரிங் குறையாமல் கம்பியைத் தாங்கிப் பிடிக்கும் கவர் பிளாக்குகளுக்கும் நல்ல வைப்ரேட்டருக்கும் செலவழிப்பதே மேல். பிறகு சின்ன விஷயங்கள்: லேண்டிங்கில் வெளிநோக்கி வாட்டம், ஸ்லாப்பின் அடி ஓரத்தில் தண்ணீர் சொட்டி விழும் கோடு, கைப்பிடிக் கால்களைக் காங்கிரீட்டுக்குள் புதைக்காமல் பக்கவாட்டில் போல்ட் போட்டுப் பிடிப்பது. ஆர்.சி.சி. படியில் முதல் வெடிப்பு எப்போதும் கைப்பிடிக் காலைச் சுற்றியே வரும்.

சேலத்துக்குள் என்றால் விடை வேறு

இதே கேள்வியைச் செவ்வாய்ப்பேட்டையில் ஒட்டிக்கட்டிய பழைய மாடி ஒன்றுக்கு யாராவது கேட்டால் நான் வேறு மாதிரி சொல்வேன். அங்கே புதிய தூணுக்குக் கடைக்கால் தோண்ட இடம் இருக்காது. ஆனால் ஹாட் டிப் என்று உடனே கை காட்டிவிடவும் முடியாது. துத்தநாகம் நடுநிலையான ஈரத்தில்தான் நீடிக்கும். அமிலம் பட்டால் இரும்பைவிட வேகமாகக் கரையும். வெள்ளிக் கொலுசுப் பட்டறைகளில் அமிலத்தைக் கையாளும் சந்துகளிலும், புளித்த கழிவுநீரின் மணம் நிற்கும் சேகோ (ஜவ்வரிசி) ஆலைகளை ஒட்டியும், மேலே சொன்ன நாற்பது ஆண்டுக் கணக்கு செல்லாது. அத்தகைய இடத்தில் இரண்டு மணி நேரத் தீத்தாங்கும் செங்கல் அடைப்புக்குள் எபாக்சி பூசிய எஃகுப் படி வைப்பதே எனக்குச் சரியாகப் படுகிறது. மழையும் படாது, புகையும் நுழையாது, விதியும் ஏற்கும்.

மலை தரும் ஐந்தாவது வழி

விலைப்பட்டியல்களை மடித்து வைத்துவிட்டு இடத்தைப் பார்க்கப் போனோம். வீடு சரிவில் வெட்டிய மேடையில் நிற்கிறது. பின்புறம் தாங்குசுவர், அதன் தலைமட்டம் முதல் மாடித் தளத்துக்கு ஏறத்தாழச் சமம், இடைவெளி நாலு மீட்டருக்கும் குறைவு. அங்கிருந்து சாலைக்குப் போகும் பழைய ஒற்றையடிப் பாதையும் இருக்கிறது. முதல் மாடித் தாழ்வாரத்தின் முனையிலிருந்து அந்த மேட்டுக்கு ஒரு காங்கிரீட் பாலம் போட்டால் போதும், இறங்கவே வேண்டாம். சமதளத்தில் ஆளுக்கு 6.5 மி.மீ. அகலம் போதும் என்று விதித்தொகுப்பே சொல்வதற்குக் காரணம், சமதளத்தில் மக்கள் தடுமாறாமல் விரைவாக நகர்வார்கள் என்பதுதான். முழங்கால் வலியுள்ள பெரியவர்களுக்கும் சக்கர நாற்காலிக்கும் படியைவிட அது எத்தனையோ மேல்.

குறை இல்லாமல் இல்லை. பாலம் எஸ்டேட் வேலியில் போய் முட்டி நின்றால் அது வெளியேறும் வழி ஆகாது. பாதையை ஒரு மீட்டருக்கு மேல் அகலமாக்கிக் கல் பாவி, விளக்கு போட்டு, சாலைவரை உரிமையை எழுத்தில் வாங்க வேண்டும். பாலத்தின் கீழே உள்ள தரைத்தள ஜன்னலை அடைக்க வேண்டும், இல்லையெனில் அந்த அறையின் புகை நேராகப் பாலத்துக்கு வரும். தாங்குசுவரின் நீர்க்கசிவு ஓட்டைகள் அடைபடாமல் இருக்க வேண்டும். இரண்டாம் மாடியில் இருப்பவர்கள் ஒரு மாடி இறங்கித்தான் ஆக வேண்டும்.

ஆகவே நாங்கள் வந்து சேர்ந்த முடிவு கலவையானது. முதல் மாடியிலிருந்து மேட்டுக்குக் காங்கிரீட் பாலம். இரண்டாம் மாடியிலிருந்து பாலத்தின் மட்டத்துக்கு மட்டும் 1250 மி.மீ. அகல ஆர்.சி.சி. படி, எம் 30, 45 மி.மீ. கவரிங், நடுவில் லேண்டிங், தரைத்தளத்துக்குப் பின்கதவு. கைப்பிடிகள் ஹாட் டிப் செய்து போல்ட்டில் பொருத்தப்படும். தரைவரை இறங்கும் இரும்புப் படிக்குப் பதில் ஒரு மாடி உயரக் காங்கிரீட் படி என்பதால் செலவு அவர் அஞ்சிய அளவுக்கு ஏறவில்லை. ஜனவரிக்குப் பிறகு தொடங்கினால் கோடை விழாக் கூட்டத்துக்கு முன் முடித்துவிடலாம். மொட்டை மாடி உணவகத்தைக் கைவிட மனமில்லாமல்தான் ஒப்புக்கொண்டார். அந்த மேசைகள் தரைத்தளத் தோட்டத்துக்கு வருகின்றன.

ஒரே ஒரு விஷயத்தில் வாக்குவாதம் நீண்டது. குரங்குகள் தாழ்வாரத்தில் புகுந்து விருந்தினர் பைகளை இழுத்துப்போவதால் பாலத்துக் கதவைப் பூட்டிச் சாவியை வரவேற்பறையில் மாட்டி வைப்பதாக அவர் சொன்னார். ஏற்காட்டில் அது பொய்க் காரணம் அல்ல. ஆனால் உள்ளிருந்து தள்ளினால் திறக்கும், வெளியிலிருந்து திறக்காத பானிக் பார் பூட்டு இதற்கென்றே இருக்கிறது. குரங்குக்கும் அது போதும். மூடுபனியில் சிக்கிக்கொள்ளாமல் இருக்க அதை மட்டும் 304 ரகத்தில், ஆலைச் சான்றோடு வாங்கச் சொல்லியிருக்கிறேன்.